மணவாளக்குறிச்சி மணலும் கொடைக்கானல் ஏரியும்

லாந்தனம் ஹைட்ராக்சைடு ஒரு வெள்ளைப் பொடி. வாசனை கிடையாது, தண்ணீரில் கிட்டத்தட்ட கரையவே கரையாது. பிளஸ் டூ பாடத்தில் லாந்தனைடு குறுக்கம் என்று ஒரு பத்தி வரும். மாணவர்கள் மதிப்பெண்ணுக்காக அதை மனப்பாடம் செய்வார்கள். அதோடு லாந்தனம் முதலான அருமண் தனிமங்களின் கதை முடிந்துவிடும். கொடைக்கானலில் வேதியியல் டீச்சராக இருக்கும் எனக்கு இது நெடுநாள் மனக்குறை. ஏனென்றால் இந்தப் பொடி செய்யும் ஒரு வேலை, நாங்கள் தினமும் சுற்றி நடக்கும் ஏரியோடு நேரடியாகச் சம்பந்தப்பட்டது. பாஸ்பேட்டைக் கண்டால் பிடித்துக்கொள்ளும். பிடித்தால் லேசில் விடாது.

முதலில் ஏரியைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். மதுரை கலெக்டராக இருந்த வியர் லெவிஞ்ச் முயற்சியில் 1863-இல் கரை கட்டி உண்டாக்கியது. சுமார் 24 ஹெக்டேர் பரப்பு, சுற்றி நடந்தால் ஏறக்குறைய 5 கிலோமீட்டர். ஊர் ஏரியைச் சுற்றித்தான் வளர்ந்தது. விடுதி, வீடு, கடை எல்லாம் சரிவில் இருக்கின்றன. சரிவில் கொட்டுவது பள்ளத்துக்குத்தானே வரும், பள்ளத்தில் இருப்பது ஏரி. நீர்க்களை பரவுகிறது, மெஷின் வைத்து அள்ளுகிறார்கள், மறுபடியும் பரவுகிறது. ஊட்டி ஏரிக்கும் இதே கதிதான். அங்கே கோடப்பமந்து கால்வாய் ஊர்க் கழிவைச் சுமந்துகொண்டு நேராக ஏரியில் போய்ச் சேர்கிறது.

களையை அள்ளுவது நல்ல காரியம். ஆனால் களைக்குச் சோறு போடுவது எது என்று யாரும் கேட்பதில்லை. அது பாஸ்பரஸ், தண்ணீரில் பாஸ்பேட்டாகக் கரைந்திருப்பது. பூம்பாறை, மன்னவனூர்ப் பக்கம் பூண்டுக்கும் உருளைக்கிழங்குக்கும் போடுகிறார்களே மணிச்சத்து, அதேதான். தண்ணீரில் நைட்ரஜன் குறைந்தால் காற்றிலிருந்தே எடுத்துக்கொள்ளும் நீலப்பச்சைப் பாசிகள் உண்டு. பாஸ்பரசுக்கு அந்த வழி இல்லை, வெளியிலிருந்து வந்தால்தான் உண்டு. 1 கிராம் பாஸ்பரஸ் கிடைத்தால் சுமார் 100 கிராம் உலர் எடைக்குப் பாசி வளரும்.

இதைச் சந்தேகத்துக்கு இடமில்லாமல் காட்டியவர்கள் கனடாவின் ஏரி ஆய்வாளர் டேவிட் ஷிண்ட்லரும் அவருடன் வேலை செய்தவர்களும். ஒன்டாரியோவில் 226 என்று எண்ணிட்ட ஏரியின் நடுவே 1973-இல் ஒரு திரையைக் கட்டி இரண்டாகப் பிரித்தார்கள். இரண்டு பக்கமும் கார்பனும் நைட்ரஜனும் போட்டார்கள், ஒரு பக்கம் மட்டும் கூடவே பாஸ்பரசும் போட்டார்கள். அந்தப் பக்கம் மட்டும் பச்சையாகிவிட்டது. மேலேயிருந்து எடுத்த அந்தப் போட்டோவை வகுப்பில் காட்டும்போது கடைசி பெஞ்சுகூட எட்டிப் பார்க்கும்.

சரி, இப்போது பொடிக்கு வருகிறேன். அதற்கு முன்னால் என் சொந்த ஊர்ப்பக்கம் கொஞ்சம் போக வேண்டும்.

நான் பிறந்தது குமரி மாவட்டத்தில், குளச்சலுக்குப் பக்கத்தில். மணவாளக்குறிச்சிக் கடற்கரையைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அங்கே மணல் ஒரே நிறமாக இருக்காது. அலை வந்து போகிற இடத்தில் கறுப்பு வரி, சிவப்பு வரி என்று தனித்தனியாகப் படிந்து கிடக்கும். கறுப்பு இல்மனைட், சிவப்பு கார்னெட். இவற்றோடு கலந்து தேன் நிறத்தில் பொடிப்பொடியாக இன்னொன்றும் இருக்கும். அதுதான் மோனசைட். திருவிதாங்கூரிலிருந்து ஐரோப்பாவுக்குப் போன கயிற்றில் ஒட்டியிருந்த மணலை வைத்து, 1909-இல் ஷோம்பர்க் என்ற ஜெர்மன் வேதியியலாளர் இது இந்தக் கரையில் இருப்பதைக் கண்டுபிடித்தார்.

ஐரோப்பியர்களுக்கு அப்போது வேண்டியிருந்தது தோரியம், கேஸ் விளக்கில் சூடாகி ஒளிவிடும் வலையான மேன்டிலுக்காக. மேன்டிலைக் கண்டுபிடித்த ஆஸ்திரியாக்காரர் கார்ல் ஆவர் 1885-இல் காப்புரிமை வாங்கிய முதல் கலவையில் லாந்தனம் ஆக்சைடும் இருந்தது என்பது பலருக்குத் தெரியாது. வெளிச்சம் பச்சையடித்தது, மேன்டிலும் சீக்கிரம் உடைந்தது, விற்கவில்லை. 1891-இல் 99 சதவீதம் தோரியம் ஆக்சைடு, 1 சதவீதம் சீரியம் ஆக்சைடு என்று மாற்றினார். எங்கள் ஊர்த் திருவிழாக்களில் எரிந்த பெட்ரோமாக்ஸ் மேன்டில் அந்தக் கலவையின் வாரிசு. லாந்தனம் அன்றைக்கு ஓரங்கட்டப்பட்டது.

மோனசைட் என்பது என்ன? சீரியம், லாந்தனம், நியோடிமியம் முதலிய அருமண் தனிமங்களும் கொஞ்சம் தோரியமும் பாஸ்பேட்டோடு சேர்ந்த உப்பு. மலைப்பாறையில் பிறந்து, ஆற்றில் உருண்டு, கடலில் அலைபட்டு இத்தனை காலம் கழித்தும் கரையாமல் கிடக்கிறது என்றால் அந்தப் பிணைப்பு எவ்வளவு உறுதியாக இருக்க வேண்டும்! அதை உடைக்கக் கேரளாவின் ஆலுவாவில் இருந்த அருமண் ஆலையில் கையாண்ட முறை இது. நன்றாக அரைத்த மோனசைட்டைச் செறிவான காஸ்டிக் சோடாவில் போட்டு, 140 டிகிரி வாக்கில் சில மணி நேரம் கொதிக்கவிடுவார்கள். பாஸ்பேட் பிரிந்து டிரைசோடியம் பாஸ்பேட்டாகக் கரைசலில் போய்விடும், அதைத் துப்புரவுப் பொருளாக விற்கலாம். அடியில் நிற்பது அருமண் உலோகங்களின் ஹைட்ராக்சைடுகள், தோரியம் ஹைட்ராக்சைடும் சேர்த்து. அதில் ஹைட்ரோகுளோரிக் அமிலத்தை அளவாகவிட்டால் அருமண் உலோகங்கள் கரைந்துவிடும், தோரியம் கரையாமல் தங்கும். அப்புறம் கதிரியக்கமுள்ள ரேடியத்தையும் ஈயத்தையும் தனியாக வீழ்படியச் செய்து அகற்ற வேண்டும்.

இதைப் படிக்கும்போது ஒரு விஷயத்தை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். லாந்தனத்தைப் பாஸ்பேட்டிடமிருந்து பிரித்து ஹைட்ராக்சைடாக ஆக்குவதற்கு இத்தனை சூடும் இத்தனை காரமும் செலவாகின்றன. அப்படிப் பிரித்ததை ஏரித் தண்ணீரில் போட்டால் என்ன செய்யும்? ஹைட்ராக்சைடை விட்டுவிட்டு மறுபடியும் பாஸ்பேட்டோடு போய்ச் சேரும். அதற்குச் சூடு எதுவும் வேண்டாம், கொடைக்கானல் டிசம்பர்க் குளிரிலும் அது நடக்கும்.

எல்லா அருமண் தனிமங்களின் ஹைட்ராக்சைடுகளும் ஒன்றுபோல இருப்பதில்லை. மனப்பாடப் பத்தியாகிவிட்ட லாந்தனைடு குறுக்கம், அதாவது வரிசையில் போகப் போக அயனி சுருங்குவது, உயிர் பெறுவது இங்கேதான். வரிசையில் முதலில் நிற்கும் லாந்தனம் அயனியின் ஆரம் சுமார் 103 பிக்கோமீட்டர், கடைசியில் நிற்கும் லுட்டீசியத்துக்கு 86. அயனி பெரியதாக இருப்பதால் லாந்தனம் தன் ஹைட்ராக்சைடு தொகுதிகளை இறுக்கிப் பிடிப்பதில்லை. அதனால் இந்த வரிசையிலேயே காரத்தன்மை அதிகமுள்ள ஹைட்ராக்சைடு இதுதான். அம்மோனியம் உப்போடு சேர்த்துச் சூடுபடுத்தினால் அம்மோனியாவை வெளியேற்றிவிடும், மூக்கிலேயே தெரியும். லாந்தனம் ஆக்சைடின் மேல் தண்ணீர் விட்டால், சுட்ட சுண்ணாம்பில் தண்ணீர் பட்டது போலச் சூடாகி, உப்பி, ஹைட்ராக்சைடாகப் பொடிந்துவிடும். ஆக்சைடை மூடாமல் வைத்தால் காற்றின் ஈரமே போதும். பனிமூட்டம் ஜன்னல் வழியாக உள்ளே வரும் எங்கள் ஊர் லேபில் இதன் பாட்டிலைச் சிலிக்கா ஜெல்லோடு இறுக்கி மூடித்தான் வைக்க வேண்டும். ஹைட்ராக்சைடும் சும்மா இருக்காது, காற்றிலிருந்து கார்பன் டை ஆக்சைடை இழுத்து மேற்பரப்பில் கார்பனேட்டாகும்.

பக்கத்து வீட்டுக்காரரான சீரியத்தின் ஹைட்ராக்சைடு வெள்ளையாக வீழ்படிந்து, காற்று பட்டதும் மஞ்சளாக மாறும். மூன்று மின்சுமையிலிருந்து நான்குக்குத் தாவுகிறது. லாந்தனம் அப்படித் தாவாது, எப்போதும் மூன்றுதான். ஏரியின் அடியில் இந்தக் குணம் எவ்வளவு பெரிய உதவி என்று பின்னால் சொல்கிறேன்.

இதன் மற்ற உபயோகங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். சூடுபடுத்தினால் 300 டிகிரிக்கு மேல் படிப்படியாகத் தண்ணீரை இழந்து கடைசியில் ஆக்சைடாகும். அந்த ஆக்சைடு கேமரா லென்ஸ் கண்ணாடிக்குப் போகிறது. பெட்ரோலியச் சுத்திகரிப்பு ஆலைகளின் வினையூக்கிகளில் லாந்தனம் இருக்கிறது. நிக்கல் மெட்டல் ஹைட்ரைடு பேட்டரிகளிலும் இருக்கிறது. எல்லாம் முக்கியமானவைதான், ஆனால் என் மனம் ஏரியில் இருக்கிறது.

மதுரையில் கெமிக்கல் கடையில் வாங்கிய லாந்தனம் நைட்ரேட்டை வைத்து வகுப்பில் செய்துகாட்டும் இரண்டு சோதனைகளைச் சொல்கிறேன். இரண்டிலும் நீல நிறம் வரும், இரண்டிலும் பாஸ்பேட்டுக்குப் பங்கு உண்டு.

ஒன்று பழைய காலத்துச் சோதனை. லாந்தனம் நைட்ரேட் கரைசலில் சோடியம் அசிட்டேட், கொஞ்சம் அயோடின், அப்புறம் சொட்டுச் சொட்டாக அம்மோனியா விட வேண்டும். கூழ் மாதிரி திரளும் வீழ்படிவு அயோடினை உள்ளே வாங்கிக்கொண்டு கருநீலமாக மாறும். மாவுச்சத்துக்கு வருகிற அதே நீலம், ஆனால் இங்கே மாவுச்சத்து துளியும் கிடையாது. மாணவர்கள் நம்பாமல் சோதனைக்குழாயை மோந்துகூடப் பார்ப்பார்கள். இதே கரைசலில் முன்கூட்டியே சோடியம் பாஸ்பேட் போட்டுவிட்டால் நீலம் வராது. லாந்தனம் பாஸ்பேட்டோடு போய்விட்டது, அயோடினுக்கு இடமில்லை.

இன்னொன்று தண்ணீர்ச் சோதனை. ஏரிக்குள் விழும் ஓடை ஒன்றிலிருந்து எடுத்த தண்ணீரை வடிகட்டி, அம்மோனியம் மாலிப்டேட்டும் அமிலமும் ஆன்டிமனி உப்பும் அஸ்கார்பிக் அமிலமும் சேர்த்துப் பத்து நிமிடம் வைத்தால், பாஸ்பேட் இருக்கும் அளவுக்கு நீலம் வரும். வந்தது, எல்லோர் கண்ணுக்கும் தெரியும்படி. பிறகு அதே தண்ணீரின் இன்னொரு பங்கில், அப்போதுதான் வீழ்படிய வைத்துக் கழுவிய லாந்தனம் ஹைட்ராக்சைடைக் கொஞ்சம் போட்டுக் கலக்கி, வடிகட்டி, திரும்பச் சோதித்தோம். வெள்ளைக் காகிதத்தின் மேல் வைத்துப் பார்த்தும் நிறம் தெரியவில்லை. புதிதாக வீழ்படிந்தது வேகமாக வேலை செய்யும், காய்ந்து படிகமாகிப்போன பொடிக்கு நேரம் எடுக்கும்.

அன்றைக்கு முன்வரிசை மாணவி ஒருத்தி கேட்டாள்: “டீச்சர், அப்போ இந்தப் பொடியை ஏரியில கொட்டிட்டா போதாதா?”

நல்ல கேள்வி. கரும்பலகையில் கணக்குப் போட்டோம். ஏரியின் சராசரி ஆழம் 3 மீட்டர் என்று வைத்தால் கொள்ளளவு சுமார் 7.2 லட்சம் கன மீட்டர். லிட்டருக்கு 100 மைக்ரோகிராம் பாஸ்பரஸ் என்று ஒரு பேச்சுக்கு எடுத்துக்கொண்டோம். இது அளந்த எண் இல்லை. 30 மைக்ரோகிராமைத் தாண்டினாலே பாசி பெருகத் தொடங்கும் என்பதால், மோசமான ஏரி ஒன்றுக்குப் பொருந்தக்கூடிய எண். மொத்தம் 72 கிலோ பாஸ்பரஸ். ஒரு லாந்தனம் ஒரு பாஸ்பேட்டைப் பிடிக்கும். எடைக் கணக்கில் 1 கிலோ பாஸ்பரசுக்கு 6.1 கிலோ லாந்தனம் ஹைட்ராக்சைடு, ஆக 440 கிலோ. இவ்வளவுதானா என்று வகுப்பே முகம் மலர்ந்தது.

அப்புறம் இரண்டாவது கணக்கு. ஒரு ஆள் ஒரு நாளில் கழிவோடு வெளியேற்றும் பாஸ்பரஸ் சுமார் ஒன்றரை கிராம். சீசனில் 10,000 பேர் வெளியூரிலிருந்து வந்து தங்குகிறார்கள், அவர்களின் கழிவு சுத்திகரிக்கப்படாமல் ஏரிக்கு வருகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு நாளைக்கு 15 கிலோ. நாம் கஷ்டப்பட்டு எடுத்த 72 கிலோ ஐந்து நாளில் திரும்பி வந்துவிடும்.

கேட்டவளே பதிலும் சொன்னாள்: “அப்போ முதல்ல சாக்கடையைத்தான் நிறுத்தணும் டீச்சர்.” நான் சொல்ல வேண்டியது எதுவும் மிச்சமில்லை. லாந்தனத்தைப் பற்றி இவ்வளவு ஆசையாக எழுதும் நானே சொல்கிறேன், கழிவுநீர் உள்ளே வருகிற வரைக்கும் எந்தப் பொடியும் பணத்தைக் கரைக்கிற வேலைதான்.

ஆனால் சாக்கடையை நிறுத்திய பிறகும் ஒரு சிக்கல் மிஞ்சும். பொடிக்கு உண்மையான வேலை அங்கேதான். இத்தனை வருடமாகச் சேர்ந்த பாஸ்பேட் அடிச்சேற்றில் இருக்கிறது. அதில் ஒரு பங்கு இரும்போடு பிணைந்திருக்கும். அடியில் ஆக்சிஜன் தீர்ந்துவிட்டால் இரும்பு மூன்று மின்சுமையிலிருந்து இரண்டுக்கு இறங்கிக் கரைந்துவிடும், பிடித்திருந்த பாஸ்பேட்டையும் விட்டுவிடும். இங்கிலாந்தின் ஏரிகளை ஆராய்ந்த மார்ட்டிமர் என்பவர் இதை 1940-களின் தொடக்கத்திலேயே விளக்கிவிட்டார். லாந்தனத்துக்கு இந்தப் பலவீனம் இல்லை. ஆக்சிஜன் இருந்தாலும் இல்லாவிட்டாலும் அது மூன்றுதான், பிடி தளராது.

இந்தக் குணத்தை நம்பித்தான் ஆஸ்திரேலியாவின் அரசு ஆராய்ச்சி நிறுவனமான சிஎஸ்ஐஆர்ஓ 1990-களில் பெண்டோனைட் களிமண்ணில் லாந்தனத்தை ஏற்றி ஃபாஸ்லாக் என்ற பொருளை உருவாக்கியது. அதில் லாந்தனம் சுமார் 5 சதவீதம். 1 கிலோ பாஸ்பரசுக்கு 100 கிலோ போட வேண்டும். தண்ணீரில் இறங்கும்போது பாஸ்பேட்டைப் பிடித்துக்கொண்டு, அடியில் மெல்லிய படலமாகப் படிந்து, சேற்றிலிருந்து கசிவதையும் தடுக்கும். நெதர்லாந்தில் ரவுபிராக்கன் என்ற சிறு ஏரியில் 2008-இல் இதைச் செய்தார்கள். முதலில் அலுமினிய உப்பால் பாசியைத் திரட்டி இறக்கி, மேலே இந்தக் களிமண்ணால் மூடினார்கள், தண்ணீர் தெளிந்தது.

களிமண் எதற்கு, லாந்தனம் குளோரைடை நேரடியாக விடலாமே என்று தோன்றும். நம் மலையில் அது கூடாது. கொடைக்கானல் இருக்கும் பழனி மலைத்தொடர் பெரும்பாலும் சார்னோகைட் பாறை, சுண்ணாம்புச் சத்து குறைவு. மழைத்தண்ணீர் அதன்மேல் ஓடிவருவதால் இங்கே தண்ணீர் ரொம்ப மென்மையானது. சோப்பு எவ்வளவு நுரைக்கும் என்று கீழேயிருந்து வந்தவர்களைக் கேட்டால் சொல்வார்கள். இப்படிப்பட்ட தண்ணீரில் கரைந்து திரியும் லாந்தனம் அயனி டாஃப்னியா போன்ற நுண்ணிய நீருயிர்களுக்கு விஷம். பாசியைத் தின்று தண்ணீரைத் தெளிய வைப்பதே அவைதான். அவற்றைக் கொன்றுவிட்டு ஏரியைக் காப்பாற்றுவதில் என்ன அர்த்தம்? அதனால் லாந்தனம் எதிலாவது பிணைந்தே தண்ணீருக்குள் போக வேண்டும்.

இன்னொரு தடையும் நம் மலைக்கே உரியது. சோலைக்காட்டிலிருந்தும் சதுப்பிலிருந்தும் வரும் ஓடைத் தண்ணீர் மக்கிய இலையின் சாறு இறங்கிப் பழுப்பாக இருக்கும். அந்தச் சாற்றில் இருக்கும் ஹியூமிக் அமிலங்கள் லாந்தனத்தோடு முந்திக்கொண்டு சேர்ந்துவிடும், பாஸ்பேட் காத்திருக்க வேண்டியதுதான். வேறு ஊர் ஏரியின் கணக்கை அப்படியே எடுத்து வந்து இங்கே போட முடியாது என்று நான் சொல்வதற்கு இதுவே காரணம்.

நடுவே வீட்டு விஷயம் ஒன்று. என் பெரியம்மா திண்டுக்கல்லில் டயாலிசிஸ் செய்துகொள்கிறார். சிறுநீரகம் ஓய்ந்தவர்களுக்கு ரத்தத்தில் பாஸ்பேட் ஏறும், எலும்பும் ரத்தக்குழாயும் கெடும். சாப்பாட்டோடு மென்று விழுங்க லாந்தனம் கார்பனேட் மாத்திரை இருக்கிறது, அமெரிக்காவில் 2004-இல் அனுமதி கிடைத்தது. உணவிலிருக்கும் பாஸ்பேட்டைக் குடலுக்குள்ளேயே பிடித்துக் கரையாத உப்பாக்கி வெளியே அனுப்பிவிடும். இது டாக்டர் பார்த்து எழுதிக்கொடுக்க வேண்டிய மருந்து. பெரியம்மாவிடம் இதை விளக்கியபோது, “ஏரிக்கும் எனக்கும் ஒரே வியாதியாட்டி?” என்று கேட்டார். ஆமாம் பெரியம்மா என்றேன்.

எங்கள் கடற்கரையில் மணல் எடுப்பதைப் பற்றி மக்களுக்கு இருக்கும் பயம் எனக்கு நன்றாகத் தெரியும், அந்த வீடுகளில் ஒன்றில்தான் வளர்ந்தேன். ஒவ்வொரு கிலோ லாந்தனத்துக்குப் பின்னாலும் தோரியமும் மற்றக் கதிரியக்கக் கழிவும் இருக்கின்றன. அதனால் இந்தப் பொடியை ஒருதரம் போட்டு ஏரியடியில் புதைத்து மறந்துவிடுவது எனக்கு ஒப்பவில்லை. பாஸ்பேட்டும் வீணாகப் புதைக்கக்கூடிய பொருள் இல்லை, பூண்டு போடும் விவசாயி அதைக் காசு கொடுத்து வாங்குகிறார். லாந்தனத்தோடு சேர்ந்துவிட்ட பாஸ்பேட்டைச் செடியின் வேர் சுலபமாக எடுக்க முடியாது, ஆகவே அந்தச் சேற்றை அப்படியே வயலில் போட்டும் பெரிய பயனில்லை.

சாக்கடை ஏரியைத் தொடும் முன்பே, சுத்திகரித்த தண்ணீர் வெளியேறும் இடத்தில் லாந்தனம் ஹைட்ராக்சைடு பூசிய வடிகட்டியை வைப்பதுதான் எனக்குச் சரியாகப் படுகிறது. வடிகட்டி நிறைந்ததும் கழற்றி எடுக்கலாம். செறிவான காஸ்டிக் சோடாவில் சூடுபடுத்தினால் பாஸ்பேட்டில் ஒரு பகுதி சோடியம் பாஸ்பேட்டாக வெளியேறும், ஹைட்ராக்சைடு மறுபடி வேலைக்குத் தயாராகும். ஆலுவாவில் மோனசைட்டை உடைத்த அதே வேதியியல்தான், பாத்திரம் மட்டும் சிறியது.

இந்த வருடம் பிளஸ் டூ மாணவர்களுக்குச் செயல்திட்டமாக இதைக் கொடுத்திருக்கிறேன். தேங்காய் ஓட்டுக் கரியின் மேல் ஹைட்ராக்சைடைப் படிய வைத்து, ஓடைத் தண்ணீரை அதன் வழியாக விட்டுப் பார்க்கப் போகிறார்கள். கொதிக்கும் காஸ்டிக் சோடாவைப் பிள்ளைகள் கையில் கொடுக்க முடியாது. அதை நான் செய்கிறேன். வடிந்ததை அமிலம் விட்டுச் சமன் செய்து, மாலிப்டேட் சேர்த்து, நீலம் எவ்வளவு வருகிறது என்று அளப்பது அவர்கள் வேலை.